அலிகர் கண்ட சர் சையது அஹ்மது கான்: ஒரு கல்லூரியும் அதன் நிர்வாகக் குழுவும்



ஆண்டறிக்கை கைக்குக் கிடைத்தவுடன் நம்மில் பெரும்பாலோர் முதலில் புரட்டுவது வரவு செலவுப் பக்கத்தையும், நிர்வாகிகளின் பெயர்ப் பட்டியலையும்தான். அது நல்ல வழக்கமே. ஒரு பொது நிறுவனத்தின் உயிர் அவ்விரு பக்கங்களில்தான் தங்கியிருக்கிறது. அவ்விரண்டையும் ஒழுங்குற அமைப்பதற்காகத் தமது வாழ்வின் பிற்பகுதி முழுவதையும் செலவிட்டு, அதில் பெரும் வெற்றியும் ஒரு பெரும் சறுக்கலும் கண்ட ஒருவரின் வரலாற்றை இவ்வாண்டு மலரில் சுருக்கமாகத் தர விழைகிறோம்.

சென்னைப் புதுக் கல்லூரி, வாணியம்பாடி இஸ்லாமியாக் கல்லூரி, திருச்சி ஜமால் முகமது கல்லூரி ஆகிய பெயர்கள் அனந்தபுரம், செஞ்சி வட்டாரத்தாருக்குப் புதியன அல்ல. இத்தகைய கல்லூரிகளை யார் நிர்வகிப்பது, அந்நிர்வாகக் குழுவை யார் தேர்ந்தெடுப்பது, அதில் அரசாங்கமும் பல்கலைக்கழகமும் எவ்வளவு தலையிடலாம் என்னும் கேள்விகள் நெடுங்காலமாக நீதிமன்றங்களில் உலவி வருகின்றன. அக்கேள்விகளின் ஊற்றுக்கண்ணைத் தேடிப் போனால் நாம் சென்று சேருமிடம் அலிகர். அங்கே நம்மை எதிர்கொள்பவர் சர் சையது அஹ்மது கான் அவர்கள்.

அன்னார் 1817ஆம் ஆண்டு அக்டோபர் 17ஆம் நாள் தில்லியில் பிறந்தார். தாய்வழிப் பாட்டனார் குவாஜா ஃபரீதுத்தீன், முகலாயப் பேரரசர் இரண்டாம் அக்பர் ஷாவிடம் அமைச்சராயிருந்தவர். தந்தையார் மீர் முத்தகீ உலகப்பற்று அதிகமில்லாதவர். ஆகவே பிள்ளையை வளர்த்து ஆளாக்கிய பொறுப்பு தாயார் அஜீஸுன்னிஸா அம்மையாரையே சார்ந்தது. சிறு வயதில் ஒருமுறை வீட்டு வேலைக்காரர் ஒருவரை, அவர் வயதில் மூத்தவர் என்றும் பாராமல், சையது அஹ்மது கைநீட்டி அடித்துவிட்டார். செய்தியறிந்த அம்மையார் மகனை வீட்டைவிட்டே வெளியேற்றினார்கள். அந்த வேலைக்காரரிடம் மன்னிப்புக் கேட்ட பின்னரே வீட்டுக்குள் அனுமதித்தார்கள். பிற்காலத்தில் தம் தவற்றைப் பிறர் சுட்டும்போது அவர் எவ்வாறு நடந்துகொண்டார் என்பதை இக்கட்டுரையில் மேலே காண்போம். அப்போது இந்நிகழ்ச்சி நினைவுக்கு வரும்.

1838இல் தந்தையார் காலமானார். குடும்பத்தைக் காக்க வேண்டி அவர் கிழக்கிந்தியக் கம்பெனியின் நீதித்துறையில் ஊழியம் ஏற்றார். கீழ்நிலை எழுத்தர் பணியில் தொடங்கி முன்சீப், சதர் அமீன் எனப் படிப்படியாக உயர்ந்து, 1876இல் ஓய்வு பெறும் வரை 38 ஆண்டுகள் நீதிமன்றங்களிலேயே கழித்தார். ஆவணம், சாட்சி, கையொப்பம், கணக்கு ஆகியவற்றின் மதிப்பை அன்றாடம் கண்டறிந்தவர் அவர். கல்லூரி தொடங்கிய காலத்தில் ஒவ்வொரு கூட்டத்தின் நடவடிக்கையையும், ஒவ்வொரு நன்கொடையாளரின் பெயரையும் எழுத்தில் பதித்து அச்சிட்டு வெளியிட்டதற்கு இப்பழக்கமே காரணமாகும்.

இடையே ஒரு செய்தி. செஞ்சிக் கோட்டையிலுள்ள சாதத்துல்லாஹ் கான் பள்ளிவாசலையும் கோட்டைச் சுவர்களையும் பார்த்து வளர்ந்த நமக்கு அது சுவையாக இருக்கும். தில்லியின் பழங்கட்டடங்களைப் பற்றி 1847இல் அவர் ஆஸாருஸ் ஸனாதீத் என்னும் பெரு நூலை வெளியிட்டார். குதுப்மினாரின் உயரத்திலுள்ள கல்வெட்டுகளைப் படிப்பதற்காக, கயிற்றில் கட்டிய கூடையொன்றில் அமர்ந்து அந்தரத்தில் தொங்கியபடியே எழுத்துகளைப் படியெடுத்தார் என்று அவரது வரலாற்றாசிரியர்கள் குறித்துள்ளனர்.

1857ஆம் ஆண்டுப் பெருங்கிளர்ச்சி அவரது வாழ்வை இரண்டாகப் பிளந்தது. அப்போது பிஜ்னோரில் சதர் அமீனாக இருந்த அவர், அங்கிருந்த ஆங்கிலேயக் குடும்பங்களின் உயிரைக் காத்தார். ஆனால் தில்லி வீழ்ந்தபின் தம் வீட்டைத் தேடிச் சென்றபோது, தாயார் உணவும் தண்ணீருமின்றி ஒளிந்திருக்கக் கண்டார். மீரட்டுக்கு அழைத்துச் சென்றும் அம்மையார் பிழைக்கவில்லை. உறவினர் பலர் மாண்டனர், ஊர் அழிந்தது. நாட்டைவிட்டே போய்விடலாமா என்றும் எண்ணிய அவர், இறுதியில் கல்வி ஒன்றே வழியெனத் துணிந்தார். 1859இல் மொராதாபாத்திலும், பின்னர் காஜிப்பூரிலும் பள்ளிக்கூடங்கள் நிறுவினார். மேலைநாட்டு நூல்களை உருதுவில் பெயர்க்க 1864இல் அறிவியல் கழகம் ஒன்றைத் தோற்றுவித்தார். ராஜா ஜெய்கிஷன் தாஸ் போன்ற இந்து நண்பர்கள் அதில் அவருக்கு வலக்கரமாக விளங்கினர்.

1869இல் தம் இரு புதல்வருடன் இங்கிலாந்து சென்றார். இளைய புதல்வர் சையது மஹ்மூது அங்குக் கல்வி பயில உதவித்தொகை பெற்றிருந்தார். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் விடுதி வாழ்க்கையையும் அமைப்பையும் கண்ட சையது அஹ்மது, அதைப் போன்றதொரு கல்விக்கூடம் இந்திய முஸ்லிம்களுக்கு வேண்டும் என்ற உறுதியோடு 1870இல் திரும்பினார்.

உடனே கட்டடம் எழுப்ப அவர் முனையவில்லை. முதலில் குழு அமைத்தார். 1870 டிசம்பரில் பனாரஸில் கூடிய குழு, முஸ்லிம்கள் அரசுப் பள்ளிகளை ஏன் நாடவில்லை என்று ஆராய்ந்தது. 1872இல் நிதி திரட்டுவதற்கெனத் தனிக்குழு ஏற்பட்டது. உலகக் கல்விக்கு ஒரு குழு, மார்க்கக் கல்விக்கு ஒரு குழு, விடுதிக்கு ஒரு குழு எனப் பொறுப்புகள் பிரிக்கப்பட்டன. அவருடைய மார்க்கக் கருத்துகள் சிலவற்றை அக்கால உலமாக்கள் கடுமையாக மறுத்தனர். அவருக்கெதிராக ஃபத்வாக்களும் வெளியாயின. அக்கருத்துகளை ஆராய்வது இக்கட்டுரையின் வேலையன்று. ஆனால் அந்த எதிர்ப்புக்கு அவர் கண்ட தீர்வு கவனிக்கத்தக்கது. மார்க்கக் கல்விக் குழுவில் தாம் உறுப்பினராக இருக்கப் போவதில்லை என்று அறிவித்து விலகி நின்றார். தாம் நிறுவும் கல்லூரியிலேயே ஒரு குழுவின் கதவைத் தமக்கு எதிராகத் தாமே சாத்திக்கொண்டது எளிய செயலன்று. சுன்னத் ஜமாஅத்து மாணவருக்கும் ஷியா மாணவருக்கும் தனித்தனி மார்க்கக் கல்வி ஏற்பாடும் செய்யப்பட்டது.

1875ஆம் ஆண்டு மே 24ஆம் நாள் அலிகரில் பள்ளி திறக்கப்பட்டது. அங்கு நீதிபதியாயிருந்த மௌலவி சமீவுல்லாஹ் கான் அவர்களே அதன் முதல் நாள்களைத் தோளில் சுமந்தவர். 1877 ஜனவரி 8ஆம் நாள் வைஸ்ராய் லிட்டன் பிரபு கல்லூரிக்கு அடிக்கல் நாட்டினார். நிதிக்காக சையது அஹ்மது செய்யாத முயற்சி இல்லை. வீடு வீடாகச் சென்றார், நூல்களை விற்றார், பரிசுச்சீட்டு நடத்திப் பழிச்சொல் கேட்டார், முதிய வயதில் மேடையேறிப் பாடவும் தயங்கவில்லை. நன்கொடை அளித்தவர்களின் பெயர்கள் சுவர்களில் பொறிக்கப்பட்டன. பாட்டியாலா மகாராஜா முதலிய பிற சமயத்தாரும் வாரி வழங்கினர். தொடக்கம் முதலே இந்து மாணவர்களும் பயின்றனர்; அக்கல்லூரியின் முதல் பட்டதாரி ஈஸ்வரி பிரசாத் என்பவராவார்.

1878 முதல் 1883 வரை வைஸ்ராயின் சட்டமன்றத்தில் அவர் உறுப்பினராக இருந்தார். அக்காலத்தில் அவர் கொண்டுவந்த ஒரு சட்டம் நம் மாநிலத்து ஜமாஅத்துகளோடு நேரடித் தொடர்புடையது. காஜிகளை நியமிக்கும் முறையை 1864இல் அரசாங்கம் கைவிட்டிருந்தது. அதனால் சென்னை மாகாண முஸ்லிம்கள் திருமணப் பதிவு முதலியவற்றில் பெரிதும் இடர்ப்பட்டனர். அதைப் போக்க 1880இல் காஜிகள் சட்டம் நிறைவேறியது. அது முதன்முதலில் நடைமுறைக்கு வந்த பகுதி சென்னை மாகாணமே. அதன்படி, ஒரு பகுதியில் வாழும் முஸ்லிம்களில் கணிசமானோர் விரும்பினால், அங்குள்ள முக்கியஸ்தர்களைக் கலந்து அரசாங்கம் காஜியை நியமிக்கலாம். ஆனால் அந்நியமனத்தால் காஜிக்கு நீதி வழங்கும் அதிகாரம் எதுவும் வந்துவிடாது; அவர் இல்லாமல் நிக்காஹ் நடைபெறக் கூடாது என்பதும் இல்லை. நியமிப்பது அரசு, விரும்புவதும் கலந்துரைப்பதும் சமுதாயம் என்ற இந்தப் பங்கீடு, அரசுக்கும் சமுதாயத்துக்கும் இடையே எல்லைக்கோடு எங்கே விழ வேண்டும் என்று அவர் கருதியதை ஒருவாறு காட்டுகிறது.

இனி அந்தச் சறுக்கலுக்கு வருவோம். கல்லூரி வளர்ந்தபின், தளர்வான குழுக்களின் இடத்தில் நிலையான அறங்காவலர் சபை ஒன்றை ஏற்படுத்த அவர் விதிகள் வகுத்தார். 1889இல் அவை நிறைவேறின. எழுதப்பட்ட விதி, அறங்காவலர்கள், செயலாளர், அவரவர் அதிகாரம் என்ற அமைப்பு அக்காலத்து முஸ்லிம் நிறுவனங்களுக்குப் புதுமையானது. பாராட்டத் தக்கதும் ஆகும். ஆனால் அவ்விதிகளோடு ஒன்று சேர்ந்து வந்தது. சையது அஹ்மது ஆயுட்காலச் செயலாளர்; அவர் மகன் சையது மஹ்மூது இணைச் செயலாளர்; தந்தைக்குப் பின் மகனே செயலாளர்.

மஹ்மூது சாமானியர் அல்லர். கேம்பிரிட்ஜில் பயின்றவர், அலகாபாத் உயர் நீதிமன்றத்தில் நீதிபதியாக அமர்ந்த முதல் முஸ்லிம், அவருடைய தீர்ப்புகளைச் சட்டம் பயில்வோர் பிற்காலத்திலும் எடுத்துப் படித்தனர். கல்லூரியின் திட்டத்தையே 1873இல் வரைந்து அளித்தவரும் அவர்தாம். ஆங்கிலேய ஆசிரியர்கள் அவரைத் தவிர வேறெவர் கீழும் நிலைத்திருக்க மாட்டார்கள் என்பது சையது அஹ்மதுவின் வாதம். முதல்வர் தியடோர் பெக் அவ்வாதத்துக்குத் துணைநின்றார். மௌலவி சமீவுல்லாஹ் கானோ இதை உறுதியாக எதிர்த்தார். சமுதாயத்தின் பொருளால் எழுந்த நிறுவனத்தில் தந்தைக்குப் பின் மகன் என்பது எந்த முறை என்றும், ஊதியம் பெறும் ஆசிரியர்களின் விருப்பம் நிர்வாகிகளின் தேர்வை முடிவு செய்யலாமா என்றும் அவர் தரப்பினர் வினவினர். பெரும்பான்மை சையது அஹ்மதுவின் பக்கம் நின்றது. சமீவுல்லாஹ் கான் வெளியேறினார். பின்னர் அலகாபாத்தில் முஸ்லிம் மாணவர் விடுதி ஒன்றை நிறுவித் தம் தொண்டைத் தொடர்ந்தார்.

சையது அஹ்மதுவின் தூய எண்ணத்தில் ஐயமில்லை. எனினும் இவ்விடயத்தில் சமீவுல்லாஹ் கானின் பக்கமே நியாயம் இருந்தது என்று கருதுகிறோம். ஒருவருடைய தகுதியைக் காட்டி ஒரு விதியை எழுதினால், அவர் தகுதி குன்றும் நாளில் அந்த விதி நிறுவனத்தின் கழுத்தில் கல்லாகத் தொங்கும். அதுவே நடந்தது. 1893இல் மஹ்மூது நீதிபதி பதவியைத் துறந்தார். அவரது உடல்நலமும் மனநலமும் சீர்குலைந்தன. 1895இல் மற்றோர் இடி விழுந்தது. கல்லூரி அலுவலகத்தின் தலைமை எழுத்தர் நெடுநாளாக நிதியைக் கையாடி வந்தது வெளிப்பட்டது. போன தொகை ஒரு இலட்சம் ரூபாய்க்கும் மேல். அக்காலத்தில் அது எவ்வளவு பெரிய தொகை என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. சையது அஹ்மது ஒருவர் மீது எல்லோரும் வைத்த நம்பிக்கையும், அவர் தம் எழுத்தர் மீது வைத்த நம்பிக்கையும் தணிக்கையின் இடத்தை நிரப்பியிருந்தன. கேள்வி கேட்கக் கூடியவர்கள் ஆறாண்டுகளுக்கு முன்பே வெளியேறியிருந்தனர். மாணவர் எண்ணிக்கையும் சரிந்தது.

சிறு வயதில் வேலைக்காரரிடம் சென்று மன்னிப்புக் கேட்ட அவர், இந்த விதியைப் பற்றிப் பின்வாங்கியதாகச் செய்தி இல்லை. இறுதி நாள்களில் மகனுடன் ஒரே வீட்டில் வாழவும் இயலாமல் நண்பர் ஒருவரின் இல்லத்துக்குச் சென்ற அவர், 1898 மார்ச் 27ஆம் நாள் அங்கேயே வஃபாத்தானார்கள். அடக்கச் செலவுக்குக்கூடக் கையில் பொருளில்லை. நண்பர் முஹ்ஸினுல் முல்க் அச்செலவை ஏற்றார். இத்தனை இலட்சங்களைத் திரட்டியவர் தமக்கென எதையும் வைத்துக்கொள்ளவில்லை என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை. கல்லூரிப் பள்ளிவாசலின் அருகே அவர் அடக்கம் செய்யப்பட்டுள்ளார். எழுதிய விதிப்படி மஹ்மூது செயலாளரானார். ஓராண்டும் நிறைவதற்குள், 1899 தொடக்கத்தில், அறங்காவலர்கள் கூடி அவரை அப்பொறுப்பிலிருந்து விடுவித்து முஹ்ஸினுல் முல்க்கைத் தேர்ந்தெடுத்தனர். தந்தை படைத்த சபையே மகனை அகற்றியது. ஒருவகையில் அது சையது அஹ்மதுவின் வெற்றி என்றும் சொல்லலாம். சபை என்ற ஒன்று இல்லாதிருந்தால் கல்லூரி அன்றே மூழ்கியிருக்கும்.

அவர் தொடங்கிய கல்வி மாநாடு, அவர் மறைவுக்குப் பின் 1901இல் சென்னையில் கூடியது. அதன் எழுச்சியில் 1902இல் தோன்றிய தென்னிந்திய முஸ்லிம் கல்விச் சங்கமே 1951இல் புதுக் கல்லூரியை நிறுவியது. வாணியம்பாடிக் கல்லூரி 1919இலேயே எழுந்துவிட்டது.

அலிகர்க் கல்லூரியைப் பல்கலைக்கழகமாக்க 30 இலட்சம் ரூபாய் திரட்டப்பட்டு, 1920இல் மத்தியச் சட்டமன்றம் அதற்கெனச் சட்டம் இயற்றியது. பழைய சங்கங்கள் கலைக்கப்பட்டு, சொத்துகள் பல்கலைக்கழகத்துக்கு மாறின. அதன் பேரவையில் முஸ்லிம்களே உறுப்பினராக இருக்கலாம் என்றிருந்த விதி, விடுதலைக்குப் பின் 1951இல் நீக்கப்பட்டது. 1965இல் அப்பேரவையின் அதிகாரங்களும் குறைக்கப்பட்டு, அது ஆலோசனை கூறும் அவையாயிற்று. இதனை எதிர்த்த அஜீஸ் பாஷா வழக்கில், 1967இல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள், பல்கலைக்கழகத்தை நிறுவியது நாடாளும் சட்டமேயன்றி முஸ்லிம்கள் அல்லர் எனத் தீர்த்தனர். நிறுவியவர்க்கே நிர்வகிக்கும் உரிமை; நிறுவாதவர்க்கு நிர்வாகக் குழுவைப் பற்றிக் கேட்க உரிமையில்லை என்பது அதன் சாரம்.

ஆனால் சிறுபான்மையினர் தாமே நிறுவிய கல்லூரிகளின் நிலை வேறு. கேரளப் பல்கலைக்கழகச் சட்டம், தனியார் கல்லூரிகளின் ஆட்சிக்குழுவில் அரசு, பல்கலைக்கழகப் பிரதிநிதிகளைப் புகுத்தியபோது, 1970இல் உச்ச நீதிமன்றம் அரசியலமைப்பின் 30ஆவது பிரிவைக் காட்டி அதைத் தடுத்தது. 1974இல் அகமதாபாத் தூய சேவியர் கல்லூரி வழக்கில் ஒன்பது நீதிபதிகள் அமர்ந்த அமர்வும் அவ்வாறே கூறியது. நம்பிக்கைக்குரியோரைத் தாமே பொறுக்கி நிர்வாகக் குழு அமைப்பதுதான் நிர்வகிக்கும் உரிமையின் கரு என்பது இவற்றிலிருந்து தெளிவாயிற்று. தமிழகத்திலும் 1976ஆம் ஆண்டின் தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டம் கல்லூரிக் குழு என்ற அமைப்பை வகுத்தது. அதன் எப்பிரிவு சிறுபான்மைக் கல்லூரிகளைக் கட்டும், எது கட்டாது என்பது குறித்து உயர் நீதிமன்றத்தில் பலமுறை வழக்காடப்பட்டுள்ளது.

இதனால் மேற்பார்வையே இல்லையென்று எண்ணிவிடலாகாது. நிர்வகிக்கும் உரிமை சீர்கேடாக நிர்வகிக்கும் உரிமையாகாது என்பதை 1958லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆசிரியர் தகுதி, ஊதியம், மாணவர் நலன், அரசு மானியத்தின் கணக்கு ஆகியவற்றில் அரசு விதி செய்யலாம். கல்லூரியை நடத்துவது பதிவு பெற்ற சங்கமாயின், தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டம், 1975, யாவருக்கும் போல் அதற்கும் பொருந்தும்: ஆண்டுதோறும் பொதுக்குழு கூட வேண்டும், நிர்வாகக் குழுவின் பதவிக்காலம் மூன்று ஆண்டுகளுக்கு மேற்படலாகாது, கணக்கும் உறுப்பினர் பட்டியலும் பதிவாளரிடம் தாக்கல் செய்யப்பட வேண்டும். ஆயுட்காலச் செயலாளர் என்ற ஏற்பாட்டுக்கு இச்சட்டத்தில் இடமே இல்லை. 1889இல் சமீவுல்லாஹ் கான் கேட்டது ஏறத்தாழ இதைத்தான். எனினும் குழுவில் எவரை அமர்த்துவது என்பதைச் சட்டம் நம்மிடமே விட்டுவைத்திருக்கிறது. அரசு நுழைய முடியாத அந்த அறைக்குள் கேள்வி கேட்க வேண்டியவர் உறுப்பினரேயன்றி வேறெவருமிலர்.

அலிகர் வழக்கு பிறகும் நீண்டது. 1981இல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தி, அது இந்திய முஸ்லிம்கள் நிறுவிய கல்விக்கூடமே என எழுதிச் சேர்த்தது. அத்திருத்தத்தை அலகாபாத் உயர் நீதிமன்றம் ஏற்கவில்லை. கடைசியில் 2024 நவம்பர் 8ஆம் நாள், ஏழு நீதிபதிகள் அமர்ந்த உச்ச நீதிமன்ற அமர்வு, நால்வர் ஒருபுறமும் மூவர் மறுபுறமுமாக, 1967ஆம் ஆண்டுத் தீர்ப்பின் அடிப்படையை நீக்கியது. ஒரு நிறுவனம் சட்டத்தின் மூலம் உருப்பெற்றது என்பதனாலேயே சிறுபான்மையினர் அதை நிறுவவில்லை என்றாகிவிடாது. அந்த எண்ணம் யாருடைய உள்ளத்தில் உதித்தது, யாருக்காக, யார் பொருள் தந்தார்கள், யார் முன்னின்று அலைந்தார்கள் என்று பழைய ஆவணங்களைக் கொண்டு பார்க்க வேண்டும் என்றது பெரும்பான்மைத் தீர்ப்பு. அலிகர் அவ்வாறு நிறுவப்பட்டதுதானா என்ற இறுதி வினாவை வேறோர் அமர்வின் முடிவுக்கு விட்டது. பனாரஸில் கூடிய குழுவின் தீர்மானங்களுக்கும், கூட்ட நடவடிக்கைக் குறிப்புகளுக்கும், நன்கொடைப் பட்டியல்களுக்கும் இவ்வாறு நீதிமன்றத்தில் மீண்டும் வேலை வந்துவிட்டது. நீதிமன்ற எழுத்தராக வாழ்வைத் தொடங்கியவர், 150 ஆண்டுகளுக்கு முன் சலிக்காமல் எழுதி அச்சிட்டு வைத்த காகிதங்கள் அவை.